சாவா மூவா ஆடும் ஐந்து வட்டியும்

கேள்வி: அம்மா காசிமேட்டில் ஏலத்தில் மீன் எடுத்து தெருத்தெருவாக விற்கிறார். மிக்ஜாம் புயல் வெள்ளத்தில் அப்பாவின் ஃபைபர் படகு எஞ்சின் வீணாகிப்போனது. அதற்காகத் தெரிந்த ஒருவரிடம் 1 லட்சம் ரூபாய், ஐந்து வட்டிக்கு வாங்கினோம். மாதம் 5,000 வீதம் 26 மாதம் கட்டியாகிவிட்டது. அசல் அப்படியே நிற்கிறது என்கிறார். எதுவும் எழுதாத புரோநோட்டிலும் இரண்டு வெற்று செக்கிலும் அம்மா கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருக்கிறார். இது போக மீன் முதலுக்கு 20,000 தண்டல். கையில் 17,000 தருவார்கள், தினம் 200 வீதம் 100 நாள் கட்ட வேண்டும். 60 நாளிலேயே அதைப் புதுப்பித்துவிடுகிறோம். "வட்டி காலங்காலமாக இருக்கிற வழக்கம், அசல் வராமல் கடன் தீராது" என்கிறார் கடன் கொடுத்தவர். "வாங்கியதற்கு இரட்டிப்பு கட்டினால் கடன் தீர்ந்தது, அதுதான் சட்டம்" என்கிறார் தாத்தா. அப்படியானால் இன்னும் 14 மாதம் கட்டி 2 லட்சம் ஆனதும் நிறுத்திவிடலாமா? இல்லை, அம்மாவின் நகையை வைத்து ஒரே அடியாக முடித்துவிடலாமா?
— பெயர் வேண்டாம், புதுவண்ணாரப்பேட்டை

பதில்: இரண்டும் வேண்டாம். இன்னும் 14 மாதம் கட்டி 70,000 ரூபாயைத் தூக்கிக் கொடுக்கவும் வேண்டாம், அம்மா கழுத்தில் கிடப்பதைக் கழற்றி முழு லட்சத்தை நீட்டவும் வேண்டாம். சட்டம் ஒப்புகிற வட்டியில் கணக்குப் போட்டால் அந்த லட்சம் சில மாதங்களுக்கு முன்பே அடைந்துவிட்டது. அதை எழுதிக் காட்டுவதும், கையெழுத்துப் போட்ட காகிதங்களைத் திரும்ப வாங்குவதும்தான் இனி வேலை. அதற்கு முன்னால் "காலங்காலமான வழக்கம்" என்ற பேச்சை ஒரு கை பார்த்துவிடலாம். உங்கள் வீட்டில் எல்லோரையும் வாயடைக்க வைப்பது அந்தப் பேச்சுதான் என்று கடிதத்திலேயே தெரிகிறது.

வட்டி பழையதுதான், நாணயத்தை விடவும் பழையது. லிடியாவில், அதாவது இன்றைய துருக்கியின் மேற்குப் பகுதியில், நாணயம் அடிக்கத் தொடங்கியது கி.மு. 7-ஆம் நூற்றாண்டு வாக்கில். அதற்கு ஆயிரம் ஆண்டுக்கும் மேலாக முன்பே, இன்றைய இராக்கில் களிமண் பலகைகளில் பார்லிக்கும் வெள்ளிக்கும் வட்டி எழுதி வைத்தார்கள். காசு கைமாறாமலே கடன் ஓடும் என்பது உங்கள் அம்மாவுக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. விடியற்காலை ஏலத்தில் கூடையைத் தூக்கிக்கொண்டு, விற்று வந்து பணம் கட்டுகிறவர்கள் அதைத்தான் தினமும் செய்கிறார்கள்.

ஆனால் அந்தக் களிமண் பலகைக் காலத்திலேயே வட்டிக்குக் கடிவாளமும் போட்டுவிட்டார்கள். சுமார் கி.மு. 1750-ஐச் சேர்ந்த ஹம்முராபி சட்டத்தில் வெள்ளிக் கடனுக்கு ஆண்டுக்கு ஐந்தில் ஒரு பங்கு, தானியக் கடனுக்கு மூன்றில் ஒரு பங்கு, அதுவே உச்சம். அதே சட்டத்தின் 48-ஆவது விதி உங்களுக்காகவே எழுதியது போல இருக்கும். புயலோ வெள்ளமோ வயலை அழித்தாலும், தண்ணீர் இல்லாமல் விளைச்சல் பொய்த்தாலும், அந்த ஆண்டு கடன்பட்டவர் தானியம் அளக்க வேண்டாம். கடன் எழுதிய களிமண் பலகையை நனைத்து எழுத்தை மாற்றிக்கொள்ளலாம், அந்த ஆண்டுக்கு வட்டியும் கிடையாது. வெள்ளத்தில் எஞ்சின் போனவரிடம் அடுத்த மாதமே 5,000 வாங்கத் தொடங்கியவர், வழக்கம் பேசினால் இந்த வழக்கத்தையும் சேர்த்துப் பேசட்டும்.

நம் பக்கத்துக்கு வருவோம். "நூற்றுக்கு மாதம் இவ்வளவு" என்று நாம் இன்றும் சொல்கிற கணக்கு அர்த்தசாஸ்திரத்திலேயே இருக்கிறது. நூறு பணத்துக்கு மாதம் 1¼ பணம் நியாயமான வட்டி, அதாவது ஆண்டுக்கு 15 சதவீதம். வணிகத்துக்கு 5, காட்டுவழி போகிறவர்களுக்கு 10, கடல் வணிகர்களுக்கு 20. பார்த்தீர்களா, ஐந்து வட்டி அங்கேயே இருக்கிறது என்று உங்கள் ஆள் பிடித்துக்கொள்ளலாம். ஆனால் அடுத்த வரியையும் படிக்க வேண்டும். இந்த அளவை மீறி வாங்கினாலும் வாங்க வைத்தாலும் அபராதம். உடனிருந்து கேட்ட சாட்சிக்கும் அதில் பாதி அபராதம். உங்கள் புரோநோட்டில் சாட்சிக் கையெழுத்துப் போட்டவர் இதைக் கேட்டால் சிரிக்க மாட்டார்.

கடலுக்கு மட்டும் ஏன் இருபது? கப்பல் திரும்பாமல் போகலாம் என்பதால். பழைய கிரேக்கத்திலும் ரோமிலும் கடல் கடனுக்கு வட்டி அதிகம்தான். ஆனால் கப்பல் மூழ்கினால் கடனும் அதோடு மூழ்கியது, கொடுத்தவர் கேட்க முடியாது. நட்டத்தில் பங்கு எடுத்தவருக்கு வட்டியில் கூடுதல் பங்கு என்பது அங்கே ஒப்பந்தம். உங்களுக்குக் கொடுத்தவர் புரோநோட்டை வாங்கி வைத்துக்கொண்டார், செக்கையும் வாங்கி வைத்துக்கொண்டார். படகு கரை சேர்ந்தாலும் சேராவிட்டாலும் அவருக்கு ஐயாயிரம். கடல் வட்டி வேண்டும், கடலின் நட்டம் மட்டும் வேண்டாம் என்றால் அது எந்த ஊர் வழக்கத்திலும் இல்லை.

இதற்கெல்லாம் நடுவில் இருக்கிற கணக்கைப் புரிந்துகொள்ள உங்கள் வீட்டிலிருந்து வெகுதூரம் போக வேண்டாம். திருவொற்றியூர் கோயிலின் கல்வெட்டுகளில் விளக்கு எரிக்க அறக்கட்டளை வைத்த செய்திகள் உண்டு. பல்லவர், சோழர் காலத்தில் கோயிலுக்குப் பொன்னோ காசோ கொடுத்தால் அதை ஊர்ச்சபையோ ஊராரோ பெற்றுக்கொண்டு ஆண்டுதோறும் வட்டி செலுத்துவார்கள். அந்த வட்டிக்குக் கல்வெட்டுச் சொல் "பொலிசை", "பலிசை". பொலி என்றால் பெருகுவது. தஞ்சைப் பெரிய கோயிலில் ராஜராஜன் காலத்துக் கணக்கு ஒரு காசுக்கு ஆண்டுக்கு அரைக்கால் காசு, 12½ சதவீதம். பொன்னுக்குப் பதில் ஆடு கொடுத்தவர்களும் உண்டு. அணையாமல் எரியும் ஒரு நந்தா விளக்குக்கு 96 ஆடு, அதற்கு இடையர் நாள்தோறும் ஓர் உழக்கு நெய் அளக்க வேண்டும். அந்த மந்தைக்குக் கல்வெட்டு வைத்திருக்கும் பெயர் "சாவா மூவாப் பேராடு". சாகாது, கிழடு தட்டாது. கிழட்டு ஆடு செத்தாலும் குட்டிகள் வந்து எண்ணிக்கையை நிரப்பும்; 96 என்றைக்கும் 96.

உங்கள் லட்சமும் அப்படித்தான் நிற்கிறது, 26 மாதம் ஆகியும் சாகவும் இல்லை, மூப்படையவும் இல்லை. வித்தியாசம் ஒன்றே ஒன்று. இடையர் கையில் இருந்தது குட்டி போடும் முதல். பாலும் குட்டியும் அவரிடமே விளைந்தன, அதில் ஒரு பங்கு நெய்யாகப் போனது. பழைய சுமேரிய மொழியில் வட்டிக்கும் ஆட்டுக்குட்டிக்கும் ஒரே சொல், கிரேக்கத்தில் வட்டிக்கும் ஈன்ற குட்டிக்கும் ஒரே சொல். நாமும் "வட்டி குட்டி போடுது" என்றுதான் சொல்கிறோம். முதல் குட்டி போட்டால் வட்டி கட்டலாம். முதல் குட்டி போடாமல் வட்டி மட்டும் போட்டால் அது வேறு எங்கிருந்தோ பிய்த்துக் கொடுப்பதுதான். அப்பாவின் எஞ்சின் கடலுக்குப் போகும் நாளில் சம்பாதிக்கும், காற்று மாறினால் கரையில் கிடக்கும். வட்டிக்கு மட்டும் கரைநாள் கிடையாது.

இந்த உரைகல்லில் உங்கள் தண்டலை உரசிப் பாருங்கள். பலரும் தண்டலை "நூற்றுக்குப் பதினைந்து" என்று நினைக்கிறார்கள், 20,000-க்கு 3,000 பிடித்தம் என்பதால். அது சரியில்லை. கையில் வந்தது 17,000. அதுவும் 100 நாளும் உங்களிடம் இருப்பதில்லை. தினம் 200 கழிகிறது, 50-ஆம் நாளில் பாதிதான் மிச்சம். இதையெல்லாம் சேர்த்துக் கணக்கிட்டால் நாளைக்கு 0.33 சதவீதம், மாதத்துக்குக் கிட்டத்தட்ட 10, ஆண்டுக்கு சுமார் 120 சதவீதம். அதாவது தண்டல் என்பது வேறு சட்டை போட்ட பத்து வட்டி. ஐந்து வட்டியைப் பார்த்துப் பயந்த நீங்கள் இதைப் பார்த்துப் பயப்படவில்லை, ஏனென்றால் 200 ரூபாய் சின்னத் தொகையாகத் தெரிகிறது.

60 நாளில் புதுப்பிக்கும்போது என்ன நடக்கிறது என்று அட்டையைக் கையில் வைத்துக்கொண்டு பாருங்கள். 60 கட்டம் நிரம்பியிருக்கிறது, 40 காலி. 40 × 200 = 8,000 பாக்கி. புதுத் தண்டல் 20,000-இல் முதலில் 3,000 பிடித்தம், அப்புறம் பழைய பாக்கி 8,000 பிடித்தம், அம்மா கையில் 9,000. அந்தப் பழைய பாக்கி 8,000-க்குள் இன்னும் வராத 40 நாளுக்கான வட்டியும் இருக்கிறது. உண்மையில் அன்றைய அசல் பாக்கி சுமார் 7,480 தான். வராத நாளுக்கு வட்டி கட்டிவிட்டு, அதே நாட்களுக்குப் புது அட்டையில் மறுபடி வட்டி கட்டுகிறீர்கள். இப்படி 60 நாளுக்கு ஒரு தரம் புதுப்பித்தால் 120 சதவீதம் 140-ஐத் தாண்டிவிடும். தண்டல்காரர் 60-ஆம் நாளில் "அம்மா, இன்னொரு தபா வேணுமா?" என்று சிரித்த முகமாகக் கேட்பதற்குக் காரணம் இதுதான்.

இருந்தாலும் தண்டலை ஒரேயடியாகத் திட்டிவிட முடியாது. காலையில் 5,000 ரூபாய்க்குச் சங்கராவும் நெத்திலியும் எடுத்து மதியத்துக்குள் விற்றுக் காசாக்குகிறவருக்கு முதல் தினமும் குட்டி போடுகிறது; நாள் லாபத்தில் 200 போனாலும் தாங்கும். தாங்காமல் போவது எப்போதென்றால், தண்டல் பணம் கூடைக்குப் போகாமல் வீட்டு வாடகைக்கோ பள்ளிக் கட்டணத்துக்கோ ஐந்து வட்டிக்கோ போகும்போது. இதைக் கண்டுபிடிக்க ஒரே ஒரு கேள்வி போதும். 100 நாள் கட்டி முடித்த அன்று அம்மா கையில் மீன் எடுக்கும் முதல் 17,000 இருக்கிறதா? இருந்தால் தண்டல் வியாபாரத்துக்குப் போனது. இல்லையென்றால் வீடு அதைத் தின்றுவிட்டது. 60 நாளில் புதுப்பிக்கிறீர்கள் என்பதிலிருந்து எனக்குத் தோன்றுவது இரண்டாவது. மாதம் 5,000 வட்டிக்குப் பத்து வட்டியில் கடன் வாங்கிக் கட்டுகிறீர்கள் என்று ஊகிக்கிறேன். தப்பென்றால் சந்தோஷம்.

ஆகவே தண்டலுக்கு மருந்து: இப்போது ஓடுகிற அட்டையை 100 கட்டமும் நிரம்ப விடுங்கள், புதுப்பிக்காதீர்கள். முடிந்த மறுநாளிலிருந்து அதே 200-ஐ அம்மா தனக்கே கட்டட்டும்; 85 நாளில் 17,000. அந்த 85 நாளும் கூடை சிறிதாகத்தான் இருக்கும், பரவாயில்லை. இன்னொன்று, விசைப்படகுகளுக்கு ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலம். ஏலத்துக்கு வரும் மீன் குறையும், விலை ஏறும், அட்டையில் 200 மட்டும் குறையாது. ஜனவரி 5-க்குப் பிறகு எடுக்கிற 100 நாள் தண்டல் எதுவானாலும் அந்தத் தடைக்காலத்துக்குள் கால் வைக்கும். அந்தத் தேதியைச் சுவரில் எழுதி வையுங்கள்.

இப்போது தாத்தா. அவர் சொன்னது கற்பனை இல்லை, இரண்டு பழைய சங்கதிகள் அவர் நினைவில் ஒன்றாகக் கலந்திருக்கின்றன. ஒன்று, "தாம்துபட்" என்று வழக்கறிஞர்கள் சொல்லும் பழைய இந்து தர்ம விதி. ஒரு நேரத்தில் கேட்கிற வட்டி பாக்கி அசலுக்கு மேல் போகக் கூடாது என்பது அது. அதிலும் இதுவரை கட்டிய மொத்தத்துக்கு வரம்பு இல்லை, அன்று நிலுவையில் நிற்கும் வட்டிக்குத்தான் வரம்பு. மேலும் அந்த விதி பம்பாய் மாகாணத்திலும் கல்கத்தா நகரிலும் நடைமுறையில் இருந்ததே தவிர சென்னை மாகாண நீதிமன்றங்கள் அதை ஏற்கவில்லை. மற்றொன்று, ராஜாஜி அமைச்சரவை 1938-இல் கொண்டுவந்த விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம். அசலைப் போல் இரண்டு மடங்கு, வட்டியாகவோ அசலாகவோ எப்படிக் கட்டியிருந்தாலும், கடன் முழுதாகத் தீர்ந்தது என்று அதில்தான் எழுதினார்கள். தாத்தா கேட்டு வளர்ந்தது பெரும்பாலும் இதுதான். ஆனால் அது விவசாயிக்கான சட்டம். புதுவண்ணாரப்பேட்டையில் மீன் விற்பவர் அதைக் காட்டி வழக்காட முடியாது. 2 லட்சம் ஆகட்டும் என்று காத்திருந்தால், உங்களுக்குப் பொருந்தாத ஒரு சட்டத்துக்காக 70,000 ரூபாய் கொடுப்பீர்கள்.

உங்களுக்குப் பொருந்துவது இதைவிட நல்லது. தமிழ்நாட்டில் கடன் கொடுப்போர் சட்டம் 1957-இல் வந்தது. அதன் கீழ் மாநில அரசு வைத்திருக்கும் உச்சவரம்பு ஆண்டுக்கு 12 சதவீதம் தனிவட்டி, நம் பேச்சில் ஒரு வட்டி. 2003-இல் வந்த அதீத வட்டி வசூல் தடைச் சட்டம் இதற்கு மேல் வாங்குவதைக் குற்றமாக்கி, மூன்றாண்டு வரை சிறையும் 30,000 ரூபாய் வரை அபராதமும் வைத்தது. அந்தச் சட்டத்தின் ஆங்கில மூலத்திலேயே கந்து வட்டி, மீட்டர் வட்டி, தண்டல் என்ற நம் தெருச் சொற்கள் அப்படியே இருக்கின்றன. சட்டம் எழுதியவர்களுக்கு ஆங்கிலத்தில் இதற்கெல்லாம் சொல் கிடைக்கவில்லை போலும்.

கணக்குக்கு வருவோம். நாற்பது பக்க நோட்டு ஒன்று எடுத்து நான்கு பத்தி போடுங்கள்: மாதம், கட்டியது, வட்டி, மிச்ச அசல். முதல் மாதம் 1 லட்சத்துக்கு ஒரு வட்டி 1,000. கட்டியது 5,000. மீதி 4,000 அசலில் கழிகிறது, மிச்சம் 96,000. இரண்டாம் மாதம் வட்டி 960, அசலில் 4,040, மிச்சம் 91,960. மூன்றாம் மாதம் வட்டி 920, மிச்சம் 87,880. இப்படியே எழுதிக்கொண்டு போனால் 22-ஆம் மாத முடிவில் மிச்சம் சுமார் 2,114 ரூபாய். 23-ஆம் மாதம் 2,135 கட்டினால் கணக்கு முடிந்தது. மொத்தம் 1,12,135. நீங்கள் கட்டியது 1,30,000. ஆக சுமார் 17,865 ரூபாய் அதிகம் போயிருக்கிறது. பேச்சுவார்த்தைக்குப் போகும்போது "ஏதாவது பார்த்துக் குறைங்கண்ணே" என்று போகக் கூடாது, இந்த நோட்டோடு போக வேண்டும்.

நோட்டு மட்டும் போதாது, 26 தவணை கட்டியதற்கு அத்தாட்சி வேண்டும். இங்கேதான் பெரும்பாலான வழக்குகள் கவிழ்கின்றன. கையில் கொடுத்த ரொக்கத்துக்கு ரசீது இருக்காது. ஜிபே வழியாகப் போனவை எத்தனை, அவர் கைப்பட எழுதிய சிட்டை இருக்கிறதா, "இந்த மாசம் வட்டி வரல" என்று வாட்ஸ்ஆப்பில் குரல் அனுப்பியிருக்கிறாரா, எல்லாவற்றையும் தேதி வாரியாகத் திரட்டுங்கள். குரல் பதிவை நீக்கிவிடாதீர்கள். "வட்டி" என்ற சொல்லும் தொகையும் அவர் வாயால் வருவதுதான் உங்களுக்குச் சாட்சி. இனி ரொக்கமாக ஒரு ரூபாயும் வேண்டாம். பேச்சு முடியும்வரை சமாதானத்துக்காக ஏதாவது கொடுத்தே ஆக வேண்டும் என்றால் செல்போன் வழியாக அனுப்பி, குறிப்பில் "அசல் வரவு" என்று போடுங்கள்.

வெற்றுப் புரோநோட்டு ஆபத்தானதுதான். ரெவின்யூ ஸ்டாம்ப் மேல் கையெழுத்து விழுந்த தாளை வைத்திருப்பவர், தொகையும் தேதியும் நிரப்பிக்கொள்ளச் சட்டம் இடம் கொடுக்கிறது. 1 லட்சத்தை 3 லட்சமாக எழுதி, போன வாரத் தேதி போட்டு வந்தாலும் முதல் பார்வையில் நீதிமன்றம் காகிதத்தைத்தான் நம்பும். மாற்றிச் சொல்ல வேண்டிய சுமை உங்கள் மேல். புரோநோட்டின் பேரில் வழக்குப் போட மூன்றாண்டு காலவரம்பு உண்டு. தேதியைக் காலியாக விட்டு வாங்குவதே அந்தக் கடிகாரம் ஓடாமல் இருக்கத்தான். இடையில் அவர் "வரவு வைக்கிறேன்" என்று புரோநோட்டின் முதுகில் அம்மாவிடம் புதுக் கையெழுத்து கேட்டால் போடாதீர்கள். அந்தத் தேதியிலிருந்து மூன்றாண்டு மறுபடி முதலில் தொடங்கும். அதே காரணத்துக்காக "உங்கள் கடனை ஒப்புக்கொள்கிறேன், அவகாசம் தாருங்கள்" என்று கடிதமும் எழுதிக் கொடுக்கக் கூடாது.

செக் விஷயத்தில் ஊர் யோசனைகளைக் கேட்காதீர்கள். கணக்கை மூடிவிட்டால் தப்பிக்கலாம் என்று யாராவது சொல்வார்கள். கணக்கு மூடியதால் செக் திரும்பினாலும் வழக்கு வரும். செக் திரும்பினால் வங்கித் தகவல் வந்த 30 நாளுக்குள் அவர் எழுத்து மூலம் நோட்டீஸ் அனுப்ப வேண்டும். நோட்டீஸ் கைக்கு வந்த நாளிலிருந்து பணம் கட்ட உங்களுக்கு 15 நாள் அவகாசம், கட்டாவிட்டால் அதற்குப் பிறகு ஒரு மாதத்துக்குள் அவர் வழக்குப் போடலாம். தபால்காரரிடம் வாங்காமல் திருப்பி அனுப்பினால் விஷயம் மறைந்துவிடாது. பதிலில்லாத நோட்டீஸ்தான் அவருக்குப் பெரிய பலம். அந்தப் பதினைந்து நாளுக்குள், இது பிணையாகத் தந்த வெற்று செக், இன்னின்ன தேதியில் இவ்வளவு கட்டியாகிவிட்டது, கடன் தீர்ந்தது என்று வழக்கறிஞர் வழியாகப் பதில் போக வேண்டும்.

அதற்கெல்லாம் காசுக்கு எங்கே போவது என்று கேட்பீர்கள். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமலே இலவசச் சட்ட உதவி உண்டு, 1987-ஆம் ஆண்டுச் சட்டம் கொடுத்த உரிமை அது. சென்னையில் சட்டப் பணிகள் ஆணைக்குழு உயர் நீதிமன்ற வளாகத்தில்தான் இருக்கிறது, உங்கள் வீட்டிலிருந்து ஒரே பஸ். போக முடியாவிட்டால் 15100 என்ற எண். மனுவை அம்மா பெயரில் கொடுங்கள், உங்கள் பெயரில் வேண்டாம். கையெழுத்துப் போட்டவர் அவர். வழக்குக்கு முந்தைய சமரசம் என்று கேட்டால் எதிர்த்தரப்பை அழைப்பார்கள். லோக் அதாலத்தில் முடிந்தால் அது நீதிமன்றத் தீர்ப்புக்குச் சமம், மேல்முறையீடு கிடையாது. வட்டிக்கு விடுகிறவர்களில் பலரும் அங்கிருந்து ஒரு அழைப்புக் கடிதம் வந்தாலே குரலைத் தாழ்த்துவார்கள், ஏனென்றால் வட்டி விகிதத்தை எழுத்தில் சொல்ல அவர்களுக்கு விருப்பம் இருக்காது. சமரசம் படியவில்லை என்றால், 2003 சட்டத்தின் கீழ் கடன்பட்டவரே நீதிமன்றத்தை அணுகி, நியாயமான வட்டியில் பாக்கி ஏதும் இருந்தால் அதைக் கட்டிக் கடனை முடித்துத் தரும்படி கேட்கலாம். 1918-ஆம் ஆண்டு மிகைவட்டிக் கடன் சட்டத்தின் கீழ் பழைய கணக்கையே நீதிமன்றம் திறந்து பார்க்க முடியும்.

வீட்டு வாசலில் நின்று சத்தம் போடுவது, கூடையைப் பிடுங்குவது, அப்பாவின் எஞ்சினைத் தூக்கிக்கொண்டு போவது, இதில் எது நடந்தாலும் அன்றே காவல் நிலையத்தில் எழுத்து மூலம் புகார் கொடுத்து, அதைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது வாங்குங்கள். வாயால் சொல்லிவிட்டு வந்தால் புகார் இல்லை. 2003 சட்டத்தோடு, மிரட்டி வசூலிப்பதைத் தடுக்க 2025-இல் தமிழ்நாடு தனிச் சட்டமும் கொண்டுவந்திருக்கிறது. ஆனால் என் கருத்தில் போலீசை முதல் படியாக வைக்க வேண்டாம். ஒரே தெருவில் வாழப்போகிறவர்கள் நீங்கள். கணக்கு நோட்டு, சமரச அழைப்பு, அதற்குப் பிறகு அது.

பேச்சு ஒரு தொகையில் முடிகிறது என்று வையுங்கள். கணக்குப்படி நீங்கள் தர வேண்டியது ஒன்றுமில்லை. ஆனாலும் நிம்மதிக்காக 20,000 கொடுத்து முடிக்க வீட்டில் முடிவெடுத்தால் நான் தடுக்க மாட்டேன். அதற்கு மட்டும் நகையைத் தொடலாம். வங்கி நகைக்கடன் ஆண்டுக்கு 10 சதவீதம் என்று வைத்தால் 20,000-க்கு மாதம் 167 ரூபாய். அதே தொகைக்கு ஐந்து வட்டி மாதம் 1,000. அடகுக் கடைக்குப் போகாமல் வங்கிக்கோ கூட்டுறவு வங்கிக்கோ போங்கள், எடை போட்ட சீட்டை வாங்கிப் பத்திரப்படுத்துங்கள்.

பணம் கைமாறுவதும் காகிதம் கைமாறுவதும் ஒரே உட்காரலில் நடக்க வேண்டும். "வீட்டில் இருக்கு, நாளைக்குத் தரேன்" என்றால் பணத்தையும் நாளைக்கே கொடுங்கள். களிமண் பலகைக் காலத்தில் கடன் தீர்ந்ததும் பலகையை உடைத்தார்கள், அதுவே ரசீது. உங்களுக்கு உடைக்க வேண்டிய பலகை அசல் புரோநோட்டு, நகல் வேண்டாம். சுந்தரர் கிழித்தது படியோலையைத்தான், மூல ஓலை திருவெண்ணெய்நல்லூர்ச் சபையில் வெளியே வந்தது என்ற கதையை ஒற்றியூரில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். உங்கள் எதிரில் ஜெராக்ஸ் தாளைக் கிழித்து ஏமாற்றுவது இன்றும் நடக்கிறது. ஸ்டாம்பைத் தடவிப் பாருங்கள், கையெழுத்தின் மை மறுபக்கம் அழுந்தியிருக்கிறதா என்று திருப்பிப் பாருங்கள். பிறகு அதன் மேல் குறுக்காக "கணக்கு முழுவதும் தீர்ந்தது, ரத்து" என்று எழுதி அவரிடம் தேதியோடு கையெழுத்து வாங்குங்கள். கிழிக்க வேண்டாம், அதுதான் உங்களுக்குச் சாட்சி. இரண்டு செக்கும் எண் சரிபார்த்து வாங்க வேண்டும்.

அம்மாவுக்கு அடுத்த முதல் எங்கிருந்து வரும்? மாநகராட்சியின் தெரு வியாபாரி சான்று இருந்தால் பி.எம். ஸ்வநிதி கடன் கேட்கலாம், பிணை தேவையில்லை. முதல் தவணை 10,000-ஆக இருந்ததை 2025-இல் 15,000 ஆக்கினார்கள். ஒழுங்காகக் கட்டினால் அடுத்தது 25,000, வட்டியில் 7 சதவீதம் மானியம். சான்று இல்லையென்றால் முதல் வேலை அதற்கு மனுப் போடுவது. மீனவ மகளிர் சேமிப்பு நிவாரணத் திட்டத்தில் 1,500 சேமித்தால் அரசு 3,000 சேர்த்து 4,500 தருகிறது, சங்கத்தில் பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். குழுக் கடன் தரும் நுண்கடன் நிறுவனத்துக்குப் போவதென்றால் ஒன்று நினைவிருக்கட்டும்: ரிசர்வ் வங்கி விதிப்படி குடும்பத்தின் எல்லாக் கடன் தவணையும் சேர்ந்து மாத வருமானத்தில் பாதியைத் தாண்டக் கூடாது. தண்டல் ஓடிக்கொண்டிருக்கும்போது அதை மறைத்து வாங்கினால் மூன்றாவது கயிறும் கழுத்தில்.

இன்றிரவு செய்ய வேண்டியது ஒன்றுதான். அம்மாவின் செக் புத்தகத்தை எடுத்து, கிழித்துக் கொடுத்த இரண்டு தாள்களின் ஆறு இலக்க எண்களைக் கணக்கு நோட்டின் முதல் பக்கத்தில் எழுதுங்கள். புத்தகம் தொலைந்திருந்தால் நாளை வங்கிக்குப் போய், இதுவரை பணமாக்காத செக் எண்கள் எவை என்று எழுத்து மூலம் கேட்டு வாங்குங்கள்.